எறும்பு ஏறிய சுவர்

போன மாதம் கள்ளக்குறிச்சியில் என் மகள் வீட்டுக்கு மாடி எடுத்தார்கள். பூச்சு வேலை ஆரம்பிக்கிற அன்று நானும் போனேன். மணல் கொட்டியிருப்பார்கள், கலவை கலக்குவார்கள், பக்கத்தில் நின்று நாலு குறை சொல்லலாம் என்று ஆசை ஆசையாகப் போனால், வாசலில் மணலும் இல்லை, சிமெண்டும் இல்லை. லாரியிலிருந்து ஒரே மாதிரி மூட்டைகளாக இறங்கிக்கொண்டிருந்தன. மூட்டையின் மேல் கொட்டை எழுத்தில் “தண்ணீர் மட்டும் சேர்க்கவும்” என்று போட்டிருந்தது.

அங்கிருந்த இன்ஜினியர் பெண்ணைக் கூப்பிட்டேன்.

“இன்னா பாப்பா இது, இட்லி மாவா?”

“பூச்சுக் கலவதாங்கம்மா. மணலு, சிமெண்டு எல்லாம் கம்பெனியிலயே அளந்து கலந்து வருது. கூட கொஞ்சம் மருந்தும் சேத்திருப்பாங்க.”

“மருந்தா? செவுத்துக்கு இன்னா, ஜொரமா?”

“இல்லீங்கம்மா. கலவ சீக்கிரம் இறுகிடாம இருக்கறதுக்கு. பூசறவங்களுக்கு கொஞ்சம் டைம் கெடைக்கும்ல?”

அவ்வளவுதான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சாதாரணச் சிரிப்பில்லை. அந்த மூட்டை மேலேயே உட்கார்ந்து, வயிற்றைப் பிடித்துக்கொண்டு, கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தேன். உள்ளேயிருந்து மகள் ஓடி வந்து, “யம்மா, இன்னாமா ஆச்சி, யாரு இன்னா சொன்னாங்க?” என்று என் தோளைப் பிடித்து உலுக்கினாள். பதில் சொல்ல வாயைத் திறந்தால் மறுபடி சிரிப்பு. “அந்த மருந்து எனக்கு ரொம்ப வருசமா தெரியும்டி” என்று மட்டும் சொல்ல முடிந்தது. முழுக்கதையையும் எழுதிக் கொடுக்கச் சொல்லி அந்த இன்ஜினியர் பெண் பிடித்துக்கொண்டாள். எழுதுகிறேன். இதில் நான் இதுவரை யாரிடமும் சொல்லாத ஒரு திருட்டுத்தனமும் இருக்கிறது. அது கடைசியில் வரும்.

என் பெயர் பச்சையம்மாள். பிறந்தது களமருதூர், வாழ்க்கைப்பட்டது ரிஷிவந்தியம் பக்கம். பதினொரு வருடம் சித்தாளாகக் கிடந்தேன். அந்தப் பதினொரு வருடத்தில் சொல்ல ஒன்றுமில்லை. சட்டி தலைக்கு ஏறும், இறங்கும், மறுபடி ஏறும். ஆனால் கலவை மட்டும் என் கைக்கு வந்துவிட்டது. ஒரு சட்டி சிமெண்டுக்கு ஐந்து சட்டி சலித்த மணல். தண்ணீர் ஊற்றுவதற்கு முன் மூன்று தடவை புரட்ட வேண்டும். ஒரு இடம் கறுப்பு, ஒரு இடம் வெளுப்பு என்று இருக்கக் கூடாது, குவியல் முழுக்க ஒரே நிறமாக வர வேண்டும். பிறகு நடுவில் குழி பறித்துத் தண்ணீரை விட்டு, ஓரத்திலிருந்து உள்ளே தள்ளித் தள்ளிக் குழைக்க வேண்டும். கையில் எடுத்துப் பிடித்தால் கொழுக்கட்டை மாதிரி நிற்க வேண்டும், கொத்துக் கரண்டியைச் சாய்த்தால் மெல்ல நழுவ வேண்டும். ஒரு மணி நேரத்தில் எவ்வளவு பூச முடியுமோ அவ்வளவுதான் கலக்க வேண்டும். சாப்பிட்டுவிட்டு வந்து, இறுகிப்போன கலவையில் தண்ணீர் தெளித்துக் கிளறினால் எங்கள் மேஸ்திரிக்குப் பிடிக்காது. மண்வெட்டியை எடுத்து அவரே வாரி வெளியே போட்டுவிடுவார்.

அவர் பெயர் ஜமால். கள்ளக்குறிச்சி பஜாரில் அவர் அண்ணன் தம்பிகள் இரும்புக் கடை வைத்திருந்தார்கள். இவர் மட்டும் சுவர் சுவர் என்று அலைந்தார். வெள்ளைச் சட்டைதான் போடுவார். முப்பது பேர் கலவை அடிக்கிற இடத்தில் நாள் முழுக்க நின்றாலும் அந்தச் சட்டையில் ஒரு பொட்டு படாது. அது எப்படி என்று எனக்கு இன்னும் விளங்கவில்லை. குரலை உயர்த்தமாட்டார். காய்ந்த சுவரை ஆள்காட்டி விரலை மடக்கி டொக் டொக்கென்று தட்டிக்கொண்டே போவார். நடுவில் நின்று காதை வைப்பார். கண்ணை மூடிக்கொள்வார். உள்ளேயிருந்து யாராவது வந்து கதவைத் திறப்பார்கள் என்று காத்திருக்கிற மாதிரி இருக்கும். பூச்சு செங்கல்லோடு சரியாகப் பிடிக்காமல் பொள்ளலாகச் சத்தம் வந்தால், “இங்க ஆளு இல்ல மா” என்பார். அந்த இடத்தைக் கொத்தி எடுத்துவிட்டு மறுபடி பூச வேண்டும். கெஞ்சினாலும் விடமாட்டார்.

கொத்தனார்கள் சாப்பிடப் போகும் நேரத்தில், மீந்த கலவையை எடுத்து மாடிப்படிக்கு அடியில் நான் பூசிப் பழகினேன். ஒரு நாள் மேஸ்திரி குனிந்து அங்கேயும் தட்டினார்.

“இது யாரு கை?”

“என் கைதாங்க.”

மறுபடி தட்டினார். “உள்ள ஆளு இருக்குது மா” என்றார். எனக்கு அன்றைக்குச் சோறு இறங்கவில்லை. சந்தோஷத்தில்தான்!

அப்போது எங்களுக்குக் கல்வராயன் மலையில் வெள்ளிமலைப் பக்கம் ஒரு வீட்டு வேலை வந்தது. அந்த வீட்டுக் கூடத்தை நான் பூசலாம் என்று மேஸ்திரி சொன்னதும் முருகேசண்ணன் எகிறிக் குதித்தார். முருகேசண்ணன் எங்களில் மூத்த கொத்தனார், கெட்டிக்காரர். கெட்ட மனுஷன் இல்லை, வாய்தான் நீளம்.

“பொம்பள கலவ போடலாம் மேஸ்திரி. கரண்டி புடிக்கறதுன்னா சும்மாவா? மசமசன்னு பூசிக்கினு நின்னா கலவ காத்துக்கினு இருக்குமா? சரி, பூசட்டும். ஆனா செவுரு தேறலன்னா ஒண்ணு. இனிமே இந்த செட்டுல பொம்பள கைக்குக் கரண்டி போவக் கூடாது. ஒத்துக்கறீங்களா?”

மேஸ்திரி என்னைப் பார்த்தார். நான் தலையை ஆட்டினேன். அவரும், “ஒத்துக்கறேன்” என்றார். கூட இருந்த மற்ற சித்தாள் பெண்கள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். தோற்றால் அவர்களுக்கும் சேர்த்துத்தான் கதவு மூடும்.

லாரியில் மணல் மேல் உட்கார்ந்து மலை ஏறினோம். ஒவ்வொரு வளைவுக்கும் நான் “ஓ” என்று கத்தினேன், ஒவ்வொரு வளைவுக்கும் முருகேசண்ணன் வாந்தி எடுத்தார்.

வீட்டுக்காரர் பெயர் வெள்ளையன். சாமை விதைக்கிற மலைக்காரர். அவர்கள் ஊரில் அதுதான் முதல் சிமெண்ட் வீடு. மனுஷனுக்குக் கால் தரையில் நிற்கவில்லை. நாங்கள் போய் இறங்கியதும் சாமைச் சோறும் தேனும் பலாச்சுளையும் கொடுத்துத் திணறடித்தார். சாப்பிட்டு முடிப்பதற்குள் முந்நூறு கேள்வி.

“மேஸ்திரி, இந்தப் பூச்சு எத்தினி வருசம் நிக்கும்ங்க?”

“ஒங்க பேரன் காலம் வரிக்கும் நிக்கும்.”

வெள்ளையனின் முகம் சுருங்கிவிட்டது. “அவ்ளோதானா? அதுக்கப்பறம்?”

அதற்கு முருகேசண்ணன் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். “கோயிலு மாரி நிக்கணும்னா அந்தக் காலத்து சுண்ணாம்பு வேலதாங்க. கடுக்காயும் வெல்லமும் ஊற வெச்சி, அந்தத் தண்ணியில அரச்சிப் பூசுனாங்க. அதான் ஆயிரம் வருசமா நிக்குது” என்று அளந்துவிட்டார். வெள்ளையன் ஆவென்று கேட்டுக்கொண்டிருந்தார். நாங்கள் அதை அப்போதே மறந்துவிட்டோம்.

ஓடைத் தண்ணீரைக் குழாய் போட்டு இரண்டு டிரம்மில் பிடித்து வைத்திருந்தார்கள். பின்பக்கத்து டிரம் அறைகளுக்கு, முன்பக்கத்து டிரம் கூடத்துக்கு. மறுநாள் காலை முருகேசண்ணன் உள்ளறையில் ஆரம்பித்தார், நான் கூடத்தின் பெரிய சுவரில் ஆரம்பித்தேன். கலவையை வேறு யாரிடமும் விடவில்லை, நானே கலந்தேன். சுவரை நன்றாக நனைத்தேன். தூக்குக் குண்டு விட்டுப் பார்த்து, நாலு மூலையிலும் நடுவிலும் உள்ளங்கை அகலத்துக்கு அரை அங்குல கனத்தில் கலவைப் பொட்டு வைத்தேன். பொட்டுக்கும் பொட்டுக்கும் நடுவில் மேலிருந்து கீழாகப் பட்டை இழுத்தேன். அதற்கப்புறம் பட்டைகளுக்கு நடுவில் கலவையை வீசி அடித்து நிரப்பிக்கொண்டே வந்தேன். மட்டப்பலகையை இரண்டு பட்டை மேலும் வைத்துக் கீழேயிருந்து மேலே இழுத்தால், கூடுதலானது பலகையோடு வந்துவிடும், பள்ளம் கண்ணுக்குத் தெரியும். பள்ளத்தில் இன்னும் ஒரு கரண்டி. இதெல்லாம் ஒழுங்காகத்தான் நடந்தது. எனக்குள்ளேயே ஒரு கும்மாளம்.

இனிமேல் கலவை கொஞ்சம் இறுக வேண்டும். கட்டைவிரலால் அழுத்தினால் தடம் விழக் கூடாது, லேசாக ஈரம் மட்டும் தெரிய வேண்டும். அந்தப் பதத்தில்தான் மரக்கட்டையை வைத்து வட்டம் வட்டமாகத் தேய்த்துச் சமமாக்குவோம். முன்னே தேய்த்தால் கலவை கட்டையோடு வரும், பின்னே தேய்த்தால் கட்டை ஓடாது. நான் காத்திருந்தேன். மதியம் அழுத்தினேன், விரல் உள்ளே போனது. நாலு மணிக்கு அழுத்தினேன், உள்ளே போனது. பொழுது சாயும்போதும் அழுத்தினேன். சுவர் இப்போதுதான் பூசின மாதிரி குழகுழவென்று என்னைப் பார்த்துச் சிரித்தது.

உள்ளறையில் முருகேசண்ணனின் சுவர் கல்லாக இறுகிவிட்டது. அவர் வந்து என் சுவரில் விரலை விட்டுப் பார்த்தார்.

“சிமெண்டு போட்டியா, போட்டேன்னு நெனச்சிக்கினியா?”

“சத்தியமா போட்டேன்ணா. அதே மூட்ட, அதே மணலு. தண்ணியில இன்னாவோ இருக்குது.”

“ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னாளாம். இப்ப தண்ணி மேல பழிய போடறியா?”

மேஸ்திரி சுவரை ஒரு தடவை பார்த்துவிட்டு வெளியே போய்விட்டார். அதுதான் எனக்கு அழுகையைக் கிளப்பியது. பதினொரு வருடம் இந்தக் கலவையைத்தான் நான் கையால் தொட்டுக்கொண்டிருந்தேன். அது எனக்கே துரோகம் செய்கிறதே என்று மனசு ஆறவில்லை.

விடிந்ததும் விடியாததுமாகக் கூடத்துக்கு ஓடினேன். சுவரில் கறுப்பாக ஒரு கோடு. அய்யய்யோ, விரிசல் விட்டுவிட்டது என்று பக்கத்தில் போனால் கோடு நகர்கிறது! எறும்பு. தரையிலிருந்து கிளம்பி, வரிசை பிசகாமல் என் சுவர் மேல் ஏறிக்கொண்டிருந்தது. முருகேசண்ணன் பூசின அறையில் போய்ப் பார்த்தேன், அங்கே ஒன்றுகூட இல்லை.

எறும்பு எதற்கு வரும்? நான் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, நாக்கை நீட்டிச் சுவரை நக்கினேன்.

முதலில் சுண்ணாம்பு மாதிரி சுரீரென்றது. அது அடங்கியதும் அடியில் மெல்லிசாக ஒரு தித்திப்பு.

“மேஸ்திரி! செவுரு தித்திக்குதுங்க!”

எனக்குப் பைத்தியம் பிடித்துவிட்டதென்று நினைத்துத்தான் ஓடி வந்தார். பின்னாலேயே முருகேசண்ணன் பல் குச்சியோடு வந்தார். மேஸ்திரி விரலால் தொட்டு நாக்கில் வைத்தார். ஒரு கணம் கண்ணை மூடினார். திறந்தார். “தோ, நீயும் பாரு” என்று முருகேசண்ணனிடம் சொன்னார். முருகேசண்ணன் நம்பாமல் என்னைப் போலவே நேராக நக்கிவிட்டு, “ஆ” என்று வாயைப் பிடித்துக்கொண்டார். அந்த நேரம் பார்த்து வெள்ளையன் உள்ளே வந்தார். மூன்று பேரும் நாக்கை வெளியே தொங்கவிட்டுக்கொண்டு அவர் வீட்டுச் சுவர் முன்னால் நிற்கிறோம்.

அவருக்கு ஆச்சரியமே இல்லை. முகம் மலர்ந்துவிட்டது. “கண்டுபுடிச்சிட்டீங்களா! மூணு உருண்ட வெல்லம்ங்க. ராவே கரைச்சி முன்னால இருக்கற டிரம்முல ஊத்திட்டேன். கூடந்தான வூட்டுக்கு முக்கியம்! கடுக்காயும் போட்டிருப்பேன், இந்த வருசம் காய்ப்பு கம்மி.”

“யாருய்யா ஒன்ன போடச் சொன்னது?” என்று முருகேசண்ணன் கத்தினார்.

“தோ, நீங்கதான சொன்னீங்க! ஆயிரம் வருசம் நிக்கும்னு!”

மேஸ்திரி முதல் தடவையாக வாய்விட்டுச் சிரித்ததை அன்றைக்குத்தான் பார்த்தேன். சிரித்துச் சிரித்துச் சுவரில் சாய்ந்துவிட்டார். வெள்ளைச் சட்டையின் முதுகு முழுக்கக் கலவை! முருகேசண்ணனும் சிரித்தார். நான் சிரித்துக்கொண்டே அழுதேன்.

சிரித்து முடித்ததும் கேள்வி வந்தது. இந்தச் சுவரை என்ன செய்வது? சுண்ணாம்புக்கு வெல்லம் சேரும். சிமெண்டுக்கு அது ஆகாது என்று எங்களுக்கு அன்றைக்குத்தான் தெரிந்தது. முழுக்கச் சுரண்டிவிட்டு மறுபடி பூசலாம் என்றார் முருகேசண்ணன். மேஸ்திரி என்னைப் பார்த்து, “ஒன் செவுரு மா. நீ சொல்லு” என்றார்.

நான் சுவரை மேலும் கீழும் பார்த்தேன். சரியவில்லை, வெடிக்கவில்லை, பூசினது பூசின மாதிரியே நிற்கிறது. “சுரண்ட வாணாங்க. தூங்குது. எழுந்துக்கும்” என்றேன். சொல்லிவிட்டேனே தவிர, எனக்கே நிச்சயமில்லை. எழுந்திருக்காவிட்டால் கரண்டியை மறந்துவிட வேண்டியதுதான்.

சுவர் காயக் கூடாது, ஆனால் இறுக வேண்டும். ஜன்னலிலும் கதவிலும் சாக்கை நனைத்துத் தொங்கவிட்டுக் காற்றை மறைத்தேன். எறும்புக்குத் தரையோரம் மஞ்சள் தூளால் கோடு போட்டேன். எறும்பு நின்றதும் வெள்ளையனின் கன்றுக்குட்டி வந்தது. அதற்கு யார் சொன்னார்களோ, நாக்கை நீட்டிக்கொண்டு நேராகக் கூடத்துக்கே வந்தது. குச்சியோடு வாசலில் காவல் உட்கார்ந்தேன். நாக்கு வெந்துபோனதால் மூன்று பேருக்கும் காரம் ஆகவில்லை. வெள்ளையன் வீட்டில் எங்களுக்குத் தயிர்ச்சோறு மட்டுமே கிடைத்தது. முருகேசண்ணன் ரெண்டு நாள் மழலை பேசினார், அந்த ரெண்டு நாளும் அவர் திட்டினால் எனக்குச் சிரிப்புதான் வந்தது.

நாலாம் நாள் காலையில் கட்டைவிரலை வைத்தேன். உள்ளே போகவில்லை. விரலில் ஈரம் மட்டும் ஒட்டியது. “எழுந்துக்கிச்சி!” என்று நான் போட்ட கூச்சலில் கன்றுக்குட்டி அறுத்துக்கொண்டு ஓடியது.

அன்று முழுக்கத் தேய்த்தேன். எப்போதும் கலவை நம்மைத் துரத்தும், நாம் ஓட வேண்டும். புதுக்கைக்கு அந்த ஓட்டம் வராது, அங்கேதான் சுவர் கோணும். இந்தச் சுவரோ எனக்காகப் பொறுத்துக்கொண்டு நின்றது. ஒரு மேடு தெரிந்தால் இறங்கிப் போய்த் தூரத்திலிருந்து பார்த்துவிட்டு, தண்ணீர் குடித்துவிட்டு, திரும்பி வந்து சரிசெய்ய நேரம் இருந்தது. சாயங்காலம் மட்டப்பலகையை எந்தப் பக்கம் வைத்தாலும் நடுவில் ஒரு தாள் நுழையவில்லை. ரெண்டு நாள் கழித்து மேஸ்திரி மூலைக்கு மூலை தட்டிப் பார்த்தார். காதை வைத்தார்.

“ஆளு இருக்குதுங்களா?” என்றேன்.

“குடும்பத்தோட இருக்காங்க மா.”

வெள்ளையனின் மகன் போன வருடம் டிவி மாட்ட அந்தச் சுவரில் ஓட்டை போடப் பார்த்திருக்கிறான், ரெண்டு டிரில் பிட் உடைந்ததாம். போன் போட்டு, “இன்னாக்கா போட்டுப் பூசுனீங்க?” என்று கேட்டான். “ஒங்கப்பாவ கேளு” என்றேன்.

ஆனால் முருகேசண்ணன் விடவில்லை. மலையிலிருந்து இறங்குகிற லாரியிலேயே, வாந்திக்கு நடுவில், “அது வெல்லம் பூசுன செவுரு, நீ பூசுனது இல்ல. அது செல்லாது. கீழ வந்து வெறுந்தண்ணியில பூசிக் காட்டு” என்றார். நியாயம்தான். மேஸ்திரியும் ஒத்துக்கொண்டார்.

கள்ளக்குறிச்சியில் ஒரு வீட்டின் மேற்குப் பக்கத்து வெளிச்சுவரைக் கொடுத்தார்கள். சித்திரை வெயில். நனைத்துவிட்டுத் திரும்புவதற்குள் சுவர் காய்ந்துவிடும். கலவை அரை மணியில் பிடித்துக்கொள்ளும். பக்கத்தில் முருகேசண்ணன் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

இப்போது அந்தத் திருட்டுத்தனம். என் முந்தானை முடிச்சில் ஒரு வெல்லக்கட்டி இருந்தது. நெல்லிக்காய் அளவுதான். முருகேசண்ணன் டீ வாங்கக் கடைப்பக்கம் திரும்பிய நேரத்தில் அதைத் தண்ணீர் வாளியில் போட்டுக் கரைத்துவிட்டேன்.

முருகேசண்ணா, நீங்கள் இதைப் படித்துக்கொண்டிருந்தால் என்னை மன்னித்துவிடுங்கள். கரண்டியை மட்டும் திருப்பிக் கேட்காதீர்கள், தரமாட்டேன்.

சுவர் அழகாக வந்தது. சொன்ன நேரத்துக்குள் பூசி, இழுத்து, தேய்த்து, இறங்கிவிட்டேன். முருகேசண்ணன் மட்டப்பலகையை நேராக வைத்தார், குறுக்கே வைத்தார், மூலைவாட்டில் வைத்தார். கடைசியில் மீசையைத் தடவிக்கொண்டு, “சரி, இனிமே இதுவும் கொத்தனாருதான்” என்றார். மற்ற சித்தாள் பெண்கள் சட்டியைத் தட்டி ஆரவாரம் செய்தார்கள். வேலை முடிந்து எல்லோரும் கை கழுவப் போனார்கள்.

மேஸ்திரி மட்டும் சுவர்கிட்டே போனார். ஈரச்சுவரைத் தட்ட முடியாது. ஆள்காட்டி விரலால் மெல்லத் தொட்டார். பிறகு அந்த விரலை நாக்கில் வைத்தார்.

திருடனுக்குத் தேள் கொட்டின மாதிரி நின்றேன். கத்தவும் முடியாது, ஓடவும் முடியாது. அவர் என்னை ஒரு பார்வை பார்த்தார். தன் பையைத் திறந்து, பிடி தேய்ந்த தன்னுடைய சொந்தக் கரண்டியை எடுத்து என் கையில் வைத்தார்.

“ஒரு வாளிக்கு இது ஜாஸ்தி மா” என்றார். போக இருந்தவர் திரும்பினார். “அடுத்த செவுத்துக்கு இது வாணாம். ஒனக்குத் தேவயில்ல.”

மறுநாள் காலையில் எல்லோருக்கும் முன்னால் போய், அந்தச் சுவரில் ஏறியிருந்த எறும்புகளை முந்தானையாலேயே தட்டிவிட்டேன். பிறகு பக்கத்துச் சுவரைப் பூசினேன். வெறுந்தண்ணீர். அதே வெயில், அதே ஓட்டம். மூச்சிரைக்க, புடவை நனைய, சாயங்காலத்துக்குள் முடித்தேன். அவர் வருவார், தொட்டுப் பார்ப்பார் என்று மட்டப்பலகையைக் கழுவி வைத்துவிட்டுக் காத்திருந்தேன். வரவில்லை. அடுத்த நாளும் வரவில்லை. பொறுக்க முடியாமல் நானே தேடிப் போனேன். டீக்கடையில் உட்கார்ந்திருந்தார்.

“மேஸ்திரி, செவுத்த வந்து பாக்கலீங்களா?”

“எறும்பு வந்துதா?”

“வர்லீங்க.”

“அப்ப சரி” என்றார். எனக்கும் ஒரு டீ சொன்னார்.